தஞ்சம் கேட்டவரின் கதை

மன்னாரின் உயிலங்குளத்தில் போர்க்காலத்தில் வளர்ந்த எங்களைக் கதை சொல்லப் பழக்கியது சோதனைச் சாவடி. ஒரு பக்கம் இலங்கை ஆமி, மறுபக்கம் விடுதலைப் புலிகள் இயக்கம். எங்கே போகிறாய், ஆரைப் பார்க்க, எப்ப திரும்புவாய் என்று கேட்பார்கள். சொல்வது உண்மையாக இருந்தால் மட்டும் போதாது, கேட்பவன் நம்பவும் வேண்டும். இந்த இக்கட்டையே எழுத்தாக்கிய ஒருவர் இருக்கிறார் என்பது ஷோபாசக்தியை வாசித்தபோதுதான் தெரிந்தது.

இயற்பெயர் அன்ரனிதாசன். 1967இல் யாழ்ப்பாணத் தீவகத்தின் அல்லைப்பிட்டியில் பிறந்தவர். பதின்ம வயதில் புலிகளில் சேர்ந்து, பிறகு விலகினார். தாய்லாந்தில் அகதியாக இருந்துவிட்டு 1993இல் பிரான்ஸ் போனார். அங்கே கோப்பை கழுவினார், கடையில் சாமான் அடுக்கினார். எழுதியது மட்டும் தமிழில்.

2001இல் வந்த முதல் நாவல் ‘கொரில்லா’, பிரெஞ்சு அதிகாரிகளுக்கு எழுதும் தஞ்ச விண்ணப்பமாகவே தொடங்குகிறது. அந்த விண்ணப்பத்துக்குள் அடங்காத ஊரும் இயக்கமும் அடுத்தடுத்த பக்கங்களில் விரிகின்றன. 1983 வெலிக்கடைச் சிறைப் படுகொலை அவருடைய ‘ம்’ நாவலுக்குள் வருகிறது.

பிறகு சினிமா. லீனா மணிமேகலை இயக்கிய ‘செங்கடல்’ படத்தின் திரைக்கதையில் அவருக்கும் பங்குண்டு. களம் தனுஷ்கோடி. மன்னார்க் கரையிலிருந்து உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வள்ளம் ஏறிய எங்கட சனம் போய் இறங்கிய பக்கம் அது. மீனவர்களும் அகதிகளும் அந்தப் படத்தில் நடித்தார்கள். இந்தியத் தணிக்கைக் குழு முதலில் அனுமதி மறுத்தது. மேன்முறையீட்டுக்குப் பிறகு 2011இல்தான் சான்றிதழ் கிடைத்தது.

உலகம் அவர் முகத்தை அறிந்தது ‘தீபன்’ படத்தால். ஜாக் ஓடியார் இயக்கிய அது, 2015இல் கான் விழாவில் தங்கப்பனை விருதை வென்றது. அதில் ஷோபாசக்தி கதாநாயகன். இறந்துபோனவர்களின் கடவுச்சீட்டில், முன்பின் அறியாத மூன்று பேர் குடும்பமென்று சொல்லித் தஞ்சம் கேட்கிறார்கள். பொய்க் குடும்பம், ஆனால் அவர்கள் தப்பி ஓடிவந்த போர் பொய்யில்லை.

இயக்கத்தையும் அரசையும் ஒருசேரக் கேள்வி கேட்பதால் அவர்மீது கோபப்படுபவர்கள் உண்டு. எனக்குப் பிடித்தது அவருடைய அகதிகள் புனிதர்களாக இல்லாததுதான். அவர்கள் பொய் சொல்வார்கள், பயப்படுவார்கள், சில வேளை காட்டியும் கொடுப்பார்கள். தஞ்சம் தரும் அதிகாரிக்கு முரண்பாடில்லாத வாக்குமூலம் வேண்டும். வாசகருக்கு அந்தக் கட்டாயமில்லை. முழு மனிதரையும் அவரால் கேட்க முடியும். புதிதாக வாசிப்பவர்கள் ‘கொரில்லா’விலிருந்து தொடங்குங்கள்.