குழந்தை எத்தனை கிலோ?

"அண்ணே, பாப்பா விடாம வாந்தி எடுக்குது. சிரப் ஏதாச்சும் குடுங்க."

"எத்தனை வயசு?"

"ஒண்ணரை."

தெருமுனை மருந்துக்கடையில் இந்தப் பேச்சு அரை நிமிடத்தில் முடிந்துவிடும். சின்ன அட்டைப்பெட்டி ஒன்று கைமாறும். பெட்டியின் மேல் பேனாவால் 'காலை, இரவு' என்று ஒரு கிறுக்கல். உண்மையில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி வேறு: பாப்பா எத்தனை கிலோ? அந்தப் பெட்டிக்குள் இருப்பது பெரும்பாலும் ஒண்டான்செட்ரான். எடைக்குத் தக்க அளந்து கொடுக்க வேண்டிய மருந்து அது. ஒன்றரை வயதில் எட்டுக் கிலோ குழந்தையும் உண்டு, பதின்மூன்று கிலோ குழந்தையும் உண்டு.

குழந்தைகளின் வயிற்றுக் கோளாறுக்கென்று இந்த மருந்தை யாரும் கண்டுபிடிக்கவில்லை. புற்றுநோய்க்குக் கீமோதெரபி எடுத்தவர்கள் குடலைப் புரட்டும் வாந்தியில் துவண்டு போவார்கள். சிகிச்சையே வேண்டாம் என்று பாதியில் விட்டவர்களும் உண்டு. அவர்களுக்காக கிளாக்ஸோ நிறுவனம் 1980களில் உருவாக்கிய மருந்துக்கு 1991இல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. பிறகுதான் அது குழந்தைகள் வார்டுக்குள் நுழைந்தது.

அது வேலை செய்யும் விதம் எளிது. குடலின் உட்சுவரில் செரோட்டோனின் என்ற ரசாயனத்தைச் சேர்த்து வைத்திருக்கும் செல்கள் இருக்கின்றன. கிருமியோ நஞ்சோ உள்ளே வந்தால் அவை செரோட்டோனினைக் கொட்டும். பக்கத்தில் இருக்கும் வேகஸ் நரம்பு அதை வாங்கி மூளைக்குச் சேதி அனுப்பும்; உடனே குமட்டல், வாந்தி. குழந்தைகளைப் படுத்தும் ரோட்டா வைரஸும் இதே செல்களைத்தான் தூண்டுகிறது என்று 2011இல் சுவீடன் ஆய்வாளர்கள் காட்டினார்கள். ஒண்டான்செட்ரான், நரம்பு நுனியில் செரோட்டோனின் வந்து உட்கார வேண்டிய இடத்தில் முந்திக்கொண்டு உட்கார்ந்துவிடும். பஸ் ஜன்னல் வழியே துண்டு போட்டு சீட் பிடிப்பது மாதிரி. சேதி மூளைக்குப் போகாது, வாந்தி அடங்கும்.

ஆனால் வைரஸ் குடலிலேயேதான் இருக்கும். அது தன் பாட்டுக்கு நாலைந்து நாள் இருந்துவிட்டுப் போகும். அப்படியானால் வாந்தியை மட்டும் நிறுத்தி என்ன பயன்?

இதற்கு விடை சொன்ன ஆய்வுகளில் முக்கியமானது அமெரிக்காவின் சிகாகோவில் நடந்து 2006இல் வெளியானது. வயிற்றுப்போக்கும் வாந்தியுமாக அவசரப் பிரிவுக்கு வந்த, ஆறு மாதம் முதல் பத்து வயது வரையிலான 215 குழந்தைகள். பாதிப் பேருக்கு நாக்கில் வைத்தால் கரையும் ஒண்டான்செட்ரான் மாத்திரை, மீதிப் பேருக்கு அதே போலத் தெரியும் வெற்று மாத்திரை. 8 முதல் 15 கிலோ வரை உள்ள குழந்தைக்கு 2 மில்லிகிராம், 15 முதல் 30 கிலோ வரை 4 மில்லிகிராம். அங்கே தராசுதான் அளவைத் தீர்மானித்தது. அதன் பிறகு உப்புச் சர்க்கரைக் கரைசல் புகட்டினார்கள். வெற்று மாத்திரைக் குழந்தைகளில் 35 சதவீதம் பேர் மறுபடியும் வாந்தி எடுத்தார்கள். மருந்து பெற்றவர்களில் 14 சதவீதம் பேர். டிரிப்ஸ் ஏற்ற வேண்டி வந்தது வெற்று மாத்திரை பெற்றவர்களில் 31 சதவீதம் பேருக்கு, மருந்து பெற்றவர்களில் 14 சதவீதம் பேருக்கு.

ஒரே ஒரு வேளை மருந்துக்கு இவ்வளவு பலன். ஓடி ஒளியும் பிஞ்சு நரம்பைத் தேடி ஊசி குத்துவதை ஒருமுறை பார்த்தவர்களுக்கு அந்தச் சதவீதத்தின் அருமை புரியும்.

மருந்து வாங்கித் தந்தது கொஞ்ச நேரம்தான். குழந்தையைத் தேற்றியது அந்த நேரத்தில் உள்ளே போன கரைசல். 1971இல் வங்கதேச அகதிகள் முகாமில் காலரா பரவியபோது, டிரிப்ஸ் பாட்டில்கள் தீர்ந்துபோன நிலையில் டாக்டர் திலீப் மகலானாபிஸ் பீப்பாயில் கலக்கிக் கொடுத்த அதே சங்கதி. புகட்டுவதில்தான் வீடுகளில் தவறு நடக்கிறது. தாகத்தில் தவிக்கிறதே என்று டம்ளரோடு கொடுப்பார்கள். குழந்தை மடக் மடக்கென்று குடித்துவிட்டு அத்தனையையும் பாட்டியின் மடியில் கொட்டும். ஒரு டீஸ்பூன், ஓரிரண்டு நிமிடம் பொறுத்து இன்னொரு டீஸ்பூன். கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார ஆள் வேண்டும். அலுப்பான வேலைதான். இடையில் வாந்தி வந்தால் பத்து நிமிடம் விட்டு மறுபடி தொடங்க வேண்டும். தாய்ப்பாலை நிறுத்தக் கூடாது.

எல்லாக் குழந்தைக்கும் இந்த மருந்து தேவையா என்றால், இல்லை. பாகிஸ்தானில் நடந்து 2019இல் வெளியான இரு ஆய்வுகளில், நீர்ச்சத்து ஓரளவு குறைந்திருந்த குழந்தைகளுக்கு டிரிப்ஸ் தேவை குறைந்தது. நீர்ச்சத்து குறையாத குழந்தைகளுக்குப் பலன் ஒன்றும் தெரியவில்லை. கனடாவில் ஆயிரத்துக்கு மேற்பட்ட குழந்தைகளில் பாதிப் பேருக்கு, தேவைப்பட்டால் கொடுக்க என்று ஆறு வேளை மருந்தையும் மீதிப் பேருக்கு வெற்று மருந்தையும் வீட்டுக்குக் கொடுத்தனுப்பினார்கள். 2025இல் வெளியான அந்த முடிவின்படி நோய் நடுத்தரமாகவோ கடுமையாகவோ ஆனது வெற்று மருந்து பெற்றவர்களில் 12.5 சதவீதம், மருந்து பெற்றவர்களில் 5.1 சதவீதம். ஆனால் அவர்கள் எல்லோரும் மருத்துவர் பார்த்து அனுப்பிய குழந்தைகள், கடைக்காரர் பார்த்தவர்கள் அல்ல. மருந்துக்குப் பக்கவிளைவும் உண்டு. சிகாகோவில் மருந்து சாப்பிட்ட குழந்தைகளுக்குப் பேதி சற்றுக் கூடுதலாகப் போனது. பிறவியிலேயே இதயத் துடிப்பின் தாளத்தில் கோளாறு உள்ள குழந்தைக்கு இது ஆபத்து.

இருந்தாலும் பழைய மருந்துகளுக்கு இது எவ்வளவோ தேவலை. மெட்டோகுளோப்ரமைடு கொடுத்த சில குழந்தைகளுக்குக் கழுத்து ஒரு பக்கம் இழுத்துக்கொள்ளும், கண் மேலே செருகும். வலிப்பு என்றே வீட்டார் அலறுவார்கள். ஒரு வயதுக்குக் கீழே அதைக் கொடுக்கவே கூடாது என்று ஐரோப்பிய மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2013இல் சொல்லிவிட்டது. டோம்பெரிடோனை பிரிட்டன் 2019இல் பன்னிரண்டு வயதுக்குக் கீழே நிறுத்தியது. சிறு குழந்தைகளிடம் அது வெற்று மருந்தைவிட மேலாக வேலை செய்யவில்லை.

வாந்தியை அடக்கவே கூடாத சமயங்களும் இருக்கின்றன. பச்சையாக வந்தால் அது பித்தம். குடல் முறுக்கியிருக்கலாம், அடைத்திருக்கலாம். பிறந்து சில வாரமான சிசு ஒவ்வொரு முறை பால் குடித்ததும் பீச்சியடித்தால் இரைப்பையின் வாய் சுருங்கியிருக்கலாம். தலையில் அடிபட்டபின் வரும் வாந்தி, மலத்தில் ரத்தம், தாங்காத வயிற்றுவலி, எழுப்பினாலும் கண் திறக்காத மயக்கம் ஆகியவற்றுக்கு சிரப்பைத் தேடுவதும் தொக்கம் எடுக்க அழைத்துப் போவதும் நேரத்தை வீணடிக்கும். நேரே மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும்.

கடைக்குப் போனவர் சிரப்போடு வாங்கி வரும் 'ஓ.ஆர்.எஸ்.' பானத்தையும் கவனிக்க வேண்டும். சர்க்கரை தூக்கலான பழச்சாறு டப்பாக்கள் பல அந்தப் பெயரில் விற்றுவந்தன. உலக சுகாதார நிறுவனத்தின் அளவுப்படி இல்லாத பானங்களில் அந்தப் பெயரைப் போடக் கூடாது என்று இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2025 அக்டோபரில்தான் உத்தரவிட்டது. சர்க்கரை கூடினால் குடல் இன்னும் நீரை வெளியே இழுக்கும், பேதி அதிகமாகும். ஒரு லிட்டர் பொட்டலத்தை ஒரு டம்ளரில் கரைப்பதும் இதே ரகத் தவறு, உப்பு எகிறிவிடும்.

வாந்தி என்று போன் செய்தால் குழந்தை மருத்துவர்கள் எத்தனை தடவை என்பதற்கு முன்பே கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: "கடைசியா எப்போ ஒண்ணுக்குப் போச்சு?" பல வீடுகளில் பதில் வருவதில்லை. டயப்பர் கட்டியிருக்கும், அம்மா பாட்டியைப் பார்ப்பார், பாட்டி அப்பாவைப் பார்ப்பார், யாரோ ஒருவர் போய் டயப்பரைக் கையில் எடுத்துக் கனம் பார்ப்பார்.