வேகம் முதலில் போகும்

2017 பிப்ரவரி 15 அன்று யரோமிர் யாகருக்கு 45 வயது நிறைந்தது. அன்றிரவு கலிஃபோர்னியாவின் சான் ஹோசே நகரில், ஃபுளோரிடா பேந்தர்ஸ் அணிக்காக ஆடிய அவர், சக வீரர் அடித்த ஒரு கோலுக்கு வழிசெய்து கொடுத்து, வட அமெரிக்கத் தேசிய ஹாக்கி லீக்கில் தன் 1,900ஆவது புள்ளியை எடுத்தார். ஐஸ் ஹாக்கியில் கோல் அடித்தாலும் ஒரு புள்ளி, அதற்குக் கைகொடுத்தாலும் ஒரு புள்ளி. அந்த எண்ணை அதற்கு முன் எட்டியவர் வெய்ன் கிரெட்ஸ்கி ஒருவர்தான்.

ஒரு அணியில் கோல் கீப்பரைத் தவிர ஐந்து பேர் பனித்தளத்தில் இருப்பார்கள். அதில் மூவர் முன்கள வீரர்கள். கால்பலத்தை மட்டுமே நம்பி ஆடும் குழு விளையாட்டுகளில் இது மிக வேகமானவற்றுள் ஒன்று. நல்ல முன்கள வீரர் மணிக்கு 35 கிலோமீட்டரைத் தொடுவார். அதனால்தான் இந்த வேலைக்கு ஆயுள் குறைவு. பெரும்பாலோர் இருபதுகளின் பிற்பாதியிலேயே உச்சத்தைக் கண்டு, முப்பதுகளின் நடுவில் ஒதுங்கிவிடுகிறார்கள். யாகரோ 16 வயதில் தன் சொந்த ஊர் அணிக்காகச் செக்கோஸ்லோவாகியாவின் முதல் நிலை லீக்கில் இறங்கினார். 52 வயதிலும், 2024–25 பருவத்தில், அதே ஊர் அணிக்காக ஆடினார். ஒரு மனித உடலால் இது எப்படி முடிந்தது என்று கேட்டால், பதிலின் ஒரு பாதி பனிக்கட்டியில் இருக்கிறது, மறுபாதி தொடைத்தசையில்.

பனிக்கட்டி ஏன் வழுக்குகிறது என்பது இன்றுவரை இயற்பியலாளர்கள் வாதாடும் கேள்வி. சறுக்குக் காலணியின் பிளேடு தரும் அழுத்தத்தில் பனி உருகி நீராகிறது என்றுதான் பல பள்ளிப் புத்தகங்கள் சொல்லிவந்தன. கணக்குப் போட்டுப் பார்த்தால் அது போதவே போதாது: ஒரு மனிதனின் எடை தரும் அழுத்தம் பனியின் உருகுநிலையை மிகச் சொற்பமாகவே இறக்கும். ஹாக்கித் தளமோ சுழியத்துக்குக் கீழே ஐந்து டிகிரி அளவில் வைக்கப்படுகிறது. 1850இல் மைக்கேல் ஃபாரடே வேறொன்றைச் சொன்னார். பனியின் மேற்பரப்பில் எப்போதுமே மெல்லிய நீர்ப்படலம் போன்ற ஒன்று இருக்கிறது என்பது அவர் எண்ணம். மேலடுக்கில் உள்ள மூலக்கூறுகளுக்கு மேலே பற்றிக்கொள்ள எதுவும் இல்லாததால் அவை தளர்ந்து அலைகின்றன என்று இன்று அதை விளக்குகிறார்கள். 1939இல் பௌடன், ஹியூஸ் என்ற இரு ஆய்வாளர்கள் சறுக்கும்போது எழும் உராய்வு வெப்பமே பனியை உருக்குகிறது என்றார்கள். இரண்டும் சேர்ந்து நடப்பதாகக் கொள்வதே பொருத்தம் என்று எனக்குத் தோன்றுகிறது.

காரணம் எதுவானாலும் விளைவு பிரமிக்க வைப்பது. எஃகுப் பிளேடுக்கும் பனிக்கும் இடையிலான உராய்வுக் கெழு 0.01க்கும் கீழே இறங்குகிறது. காய்ந்த சாலையில் ரப்பர் டயருக்கு அது 0.7ஐ ஒட்டி இருக்கும். அதாவது ஓடுகிறவன் ஒவ்வொரு அடியிலும் உடலைத் தூக்கி, தரையில் மோதி, மறுபடி உந்த வேண்டும். சறுக்குகிறவன் ஒருமுறை தள்ளிவிட்டு அந்த வேகத்தை அப்படியே அனுபவிக்கலாம். முழங்கால் வாங்கும் அடியும் இதனால் மிகக் குறைவு.

ஆனால் உராய்வே இல்லாத இடத்தில் திரும்புவது எப்படி? நிற்பது எப்படி? யாராவது தோளால் இடித்தால் தாங்குவது எப்படி? இதற்காகத்தான் பிளேடின் அடிப்புறத்தை நடுவில் குழிவாகச் சாணை பிடிக்கிறார்கள். மூன்று மில்லிமீட்டர் தடிமனுள்ள எஃகில் உள்விளிம்பு ஒன்று, வெளிவிளிம்பு ஒன்று என்று இரண்டு கூர்விளிம்புகள் கிடைக்கின்றன. நேராக நின்றால் வழுக்கும்; காலைச் சாய்த்தால் விளிம்பு பனியைக் கடித்துப் பிடிக்கும். குழி ஆழமாக இருந்தால் பிடிப்பு அதிகம், ஓட்டம் குறைவு. ஆழம் குறைந்தால் நேர்மாறு. எவ்வளவு குழி வேண்டும் என்பதில் ஒவ்வொரு வீரருக்கும் ஒரு கணக்கு உண்டு.

அந்த விளிம்பின் மேல் என்ன ஏறுகிறது என்று பார்ப்போம். ஒரு வீரர் விநாடிக்கு 7 மீட்டர் வேகத்தில், அதாவது மணிக்கு 25 கிலோமீட்டரில், ஐந்து மீட்டர் ஆரமுள்ள வளைவில் திரும்புகிறார். ஹாக்கியில் இது சாதாரணம். வேகத்தின் வர்க்கத்தை ஆரத்தால் வகுத்தால் 9.8 கிடைக்கும். அது புவியீர்ப்பு முடுக்கத்துக்குச் சரிசமம். ஆகவே விழாமல் இருக்க அவர் 45 டிகிரி சாய்ந்தாக வேண்டும், கால்கள் தாங்கும் சுமை உடல் எடையைப்போல் 1.4 மடங்கு. யாகரின் எடை சுமார் 104 கிலோ. அந்த வளைவில் அவர் கால்கள் 147 கிலோவைத் தாங்குகின்றன. அதுவும் முழங்கால் நன்றாக மடங்கிய நிலையில், கத்தி முனை போன்ற விளிம்பின் மேல், இடுப்பில் ஒருவர் இடித்துக்கொண்டிருக்கும்போது.

சிறுவயதில் நாளுக்கு ஆயிரம்வரை பஸ்கி எடுத்ததாக அவரே சொல்லியிருக்கிறார். தண்டால், பஸ்கி என்று நம் உடற்பயிற்சிக் கூடங்களில் சொல்லும் அதே பஸ்கிதான், உட்கார்ந்து எழுவது. பிராகாவுக்கு அருகே கிளாட்னோ என்ற எஃகு ஆலை நகரில், விவசாயக் குடும்பத்தில், 1972இல் பிறந்த பையன் அவர். கம்யூனிச ஆட்சி 1989 இறுதியில் விழுந்ததால், தப்பியோட வேண்டிய அவசியமின்றி 1990இல் பிட்ஸ்பர்க் பெங்குவின்ஸ் அணிக்குத் தேர்வாகிச் சென்றார். 1968இல் சோவியத் டாங்கிகள் தன் நாட்டுக்குள் நுழைந்ததையும், அதே ஆண்டு இறந்த தன் தாத்தாவையும் நினைத்து, 68 என்ற எண்ணை முதுகில் அணிந்துகொண்டார். 1991, 1992 இரண்டு ஆண்டும் பிட்ஸ்பர்க் ஸ்டான்லி கோப்பையை வென்றது. 1995–96இல் ஒரே பருவத்தில் 62 கோல், 149 புள்ளி. அந்தக் காலத்தில் வேகமும் இருந்தது அவரிடம். எதிராளிகளை வளைத்துக் கடந்து போவார்.

எனக்கு ஆச்சரியம் தருவது அதற்குப் பிந்தைய யாகர்தான். வேகம் குறையக் குறைய அவர் ஆட்டம் பக்கவாட்டுச் சுவரோரம் ஒதுங்கியது. பக் என்னும் ரப்பர் வட்டு அவர் ஸ்டிக்கில் இருக்கும். முதுகு எதிராளியை நோக்கி இருக்கும். இடுப்பைத் தாழ்த்தி, கால்களை அகல விரித்து, சுவருக்கும் தன் உடலுக்கும் நடுவில் பக்கைப் பூட்டிவைப்பார். எதிராளி இடப்பக்கம் கை நீட்டினால் யாகர் இடுப்பைச் சற்றே திருப்புவார், பக் வலப்பக்கம் போய்விடும். எதிராளி வலப்பக்கம் சுற்றி வர வேண்டும். அதற்குள் மறுபடி ஒரு சிறு திருப்பம். செக்கில் உலக்கை நின்ற இடத்திலேயே சுழல, மாடுதானே வட்டம் முழுவதும் நடக்கிறது! நடுவில் இருப்பவர் சற்றே திரும்புவதற்குள் சுற்றுவட்டத்தில் இருப்பவர் அதைவிட வெகு தூரம் சறுக்க வேண்டும். இருபது வயதின் வேகம் முழுவதும் அங்கே வீணாகிறது.

இதற்கு வேண்டியது ஒன்றே ஒன்று: இடித்தாலும் நகராத கால். தசை நார்களில் இரண்டு வகை உண்டு. வேக நார்கள் சட்டென்று சுருங்கும், சீக்கிரம் களைக்கும். மெது நார்கள் நிதானமாகச் சுருங்கும், நெடுநேரம் உழைக்கும். பலர் கவனிக்காத செய்தி என்னவென்றால், சுருங்கும் வேகத்தில் இரண்டுக்கும் பல மடங்கு வேறுபாடு இருந்தாலும், நகராமல் இறுக்கிப் பிடிக்கும் விசையில், அதே பருமனுக்கு, வேறுபாடு மிகச் சிறியது. பாய வேண்டுமானால் வேக நார் இல்லாமல் முடியாது. நிலைகொண்டு நிற்க மெது நாரும் போதும்.

முதுமை முதலில் கை வைப்பது வேக நார்கள் மேல். அவை மெலிகின்றன. அவற்றை இயக்கும் நரம்பணுக்கள் தண்டுவடத்தில் ஒவ்வொன்றாக மடிய, அநாதையான நார்கள் சிலவற்றைப் பக்கத்திலுள்ள மெது நரம்பணுக்கள் தத்தெடுத்துக்கொள்கின்றன; பிறகு அந்த நார்களும் மெல்ல மெல்ல மெது நார்களாகவே மாறுகின்றன. உடலுக்குள் ஓசையின்றி நடக்கும் இந்தச் சீரமைப்பின் கூட்டு விளைவு: விசையும் வேகமும் சேர்ந்த திறன் விரைவாகச் சரிகிறது, வெறும் வலிமை அதைவிட மெதுவாகச் சரிகிறது. பயிற்சியைக் கைவிடாதவர்களிடம் இன்னும் மெதுவாக. ஆட்டம் முடிந்த பின்னிரவில் எடை கட்டிய மேலாடையுடன் தனியே சறுக்கிப் பயிற்சி எடுப்பது யாகரின் நெடுநாள் வழக்கம். உடல் எதைக் கடைசியாக இழக்குமோ அதன் மேல் தன் ஆட்டத்தை ஏற்றிவைத்தார் அவர். 2015–16இல், அந்தப் பருவத்தின் நடுவே 44 வயதைத் தொட்டவர், 27 கோல்களுடன் 66 புள்ளி எடுத்து ஃபுளோரிடா அணியிலேயே முதலாவதாக வந்தார்.

ஆட்டத்தின் அமைப்பும் இதற்கு ஒத்துழைக்கிறது. முன்கள வீரர் ஒருவர் தொடர்ந்து ஆடுவது சுமார் 45 விநாடிதான். அதற்குள் ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே சுவரைத் தாண்டி பெஞ்சுக்குப் போய்விடுவார், வேறு மூவர் இறங்குவார்கள். தசையில் உடனடி எரிபொருளாக இருக்கும் பாஸ்போகிரியேட்டின் பெரும்பகுதி முழுமூச்சான முயற்சியில் பத்து விநாடி அளவில் தீர்ந்துவிடும். பிறகு சர்க்கரையை ஆக்சிஜன் இல்லாமலே உடைத்து ஓட்ட வேண்டும். தொடை எரியத் தொடங்குவது அப்போதுதான். தாழ்ந்து சறுக்கும் நிலையில் தசை இறுகியே இருப்பதால் உள்ளே ரத்தமும் தடைபடுகிறது. பெஞ்சில் சில நிமிடம் உட்கார்ந்தால் பாஸ்போகிரியேட் பெருமளவு மீண்டுவிடும். இளைஞன் அந்த 45 விநாடியையும் பாய்ந்து தீர்ப்பான். சுவரோரம் நின்று எதிராளியைத் தன்னைச் சுற்ற வைப்பவருக்குச் செலவு குறைவு.

வேறு வழிகளில் காலத்தை வென்றவர்களும் உண்டு. கிரெட்ஸ்கி பருமனானவர் அல்ல, மிக வேகமானவரும் அல்ல. கனடாவின் பிராண்ட்ஃபோர்டில் தந்தை வால்டர் வீட்டுப் பின்புறத்தில் நீர் ஊற்றி உறைய வைத்த தளத்தில் கற்றவர். தொலைக்காட்சியில் ஆட்டம் பார்க்கும்போது, பக் போகும் வழியைத் தாளில் பென்சிலால் கோடாக இழுத்துக்கொண்டே போவது சிறுவயதில் அவர் பயிற்சி. எங்கே கோடுகள் அடர்ந்தனவோ அங்கேதான் ஆட்டம் இருக்கிறது. 1973இல் சேஸ், சைமன் என்ற இரு ஆய்வாளர்கள் சதுரங்கத்தில் இதன் சூட்சுமத்தைக் காட்டினார்கள். உண்மையான ஆட்டத்தில் எடுத்த நிலையைச் சில விநாடி பார்த்தே தேர்ந்தவர்கள் பெருமளவு திரும்ப அடுக்கிவிட்டார்கள். காய்களைத் தாறுமாறாக வைத்தபோது புதியவர்களைவிடப் பெரிதாகச் சோபிக்கவில்லை. நினைவாற்றல் பெரிதாக இல்லை, வடிவங்களைக் கூட்டமாகப் படிக்கும் கண் பெரிதாக இருந்தது. அந்தக் கண்ணால் கிரெட்ஸ்கி 2,857 புள்ளி எடுத்தார். வலிமையும் விசையும் கொண்ட யாகர் 1,921இல் நின்று இரண்டாம் இடத்தில் இருக்கிறார்.

அலெக்சாண்டர் ஒவெச்கினின் வழி இன்னொன்று. தளத்தின் இடப்பக்க வட்டத்தில் நின்று, வரும் பக்கை நிறுத்தாமலே அடிப்பார். அப்படி அடிக்கையில் ஸ்டிக் பக்கைத் தொடுவதற்குச் சற்று முன்னால் பனியில் மோதி வில்லாக வளைகிறது. நிமிரும்போது சேமித்த ஆற்றலைப் பக்குக்குள் கொட்டுகிறது. துள்ளாமல் இருப்பதற்காக முன்கூட்டியே குளிரவைத்த அந்த 170 கிராம் ரப்பர் வட்டு, கோல் கீப்பர் கண் இமைப்பதற்குள் போய்விடும். 2025 ஏப்ரல் 6 அன்று 39 வயதில், தன் 1,487ஆவது ஆட்டத்தில், அதே இடத்திலிருந்து 895ஆவது கோலை அடித்து, கிரெட்ஸ்கியின் 894ஐத் தாண்டினார். கிரெட்ஸ்கி தன் வாழ்நாளில் ஆடியதும் சரியாக 1,487 ஆட்டம்.

ஒரு யாகரை வைத்து உடலியல் விதி எழுதிவிட முடியாது. மரபு எவ்வளவு, பஸ்கி எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல ஒரே உடல் போதாது. ஆட்டத்தையே முடித்துவிடும் காயம் எதுவும் இல்லாமல் தப்பியதில் அதிர்ஷ்டத்துக்கும் பங்கு உண்டு. ஆயினும் 1979–80 பருவத்தில் 51 வயதில் தொடங்கி 52ஐக் கடந்து 80 ஆட்டமும் ஆடி 15 கோல் அடித்த கோர்டி ஹோவும், பக்கைக் காக்கும் உடல் வலிமைக்குப் பேர்போனவர்தான் என்பதைத் தற்செயல் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை.

தேசிய ஹாக்கி லீக்கில் 1,733 ஆட்டங்களை முடித்துக்கொண்டு யாகர் 2018இல் கிளாட்னோவுக்குத் திரும்பினார். அந்த ஊர் அணிக்கு அப்போது அவரே உரிமையாளராக இருந்தார். எதிரணியில் ஒருவர் தண்டனை பெற்று வெளியே உட்காரும் நேரங்களில், ஓட்டம் குறைவாகவும் இடம் அதிகமாகவும் இருக்கும்போது, சுவரோரம் நின்று பக்கைப் பகிர்வது அங்கே அவருடைய வேலையானது. இன்னும் ஏன் ஆடுகிறீர்கள் என்று கேட்டவர்களுக்கு அவர் சொன்ன காரணத்தில் உடலியலுக்கு இடமில்லை: தான் ஆடினால்தான் விளம்பரதாரர்கள் பணம் தருகிறார்கள், நிறுத்தினால் அணியை நடத்துவது கடினம் என்றார்.