உஷார்! தறியில் உட்காரவும் இட்லி ருசிக்கவும் கூப்பிடுகிறார்களா?

அட்வான்ஸ் அனுப்பப் போகிறீர்களா? கொஞ்சம் பொறுங்கள். இதைப் படித்துவிட்டு அனுப்புங்கள்.

"ஒரு நாள் காஞ்சிபுரம். நீங்களே தறியில் உட்கார்ந்து நெய்யலாம். கோயில் இட்லியில் தொடங்கி ஊர்ப் பலகாரம் அத்தனையும் ருசிக்கலாம். ஏசி வேன், மதியச் சாப்பாடு சேர்த்து." இப்படி ஒரு விளம்பரம் உங்கள் போனுக்கும் வந்திருக்கும். சென்னையிலிருந்து சுமார் 75 கிலோமீட்டர்தான். வெளிநாட்டிலிருந்து விடுமுறைக்கு வரும் பேரன் பேத்திக்கு நம் ஊர்க் கைவேலையைக் காட்ட வேண்டும் என்று யாருக்குத்தான் ஆசை இருக்காது? நல்ல ஆசைதான். போகாதீர்கள் என்று நான் சொல்லவில்லை. எதையும் கேட்காமல் போகாதீர்கள் என்கிறேன்.

ஒரு குடும்பத்துக்கு நடந்ததைக் கேளுங்கள். பெயர் வேண்டாம்.

அமெரிக்காவிலிருந்து வந்த ஒரு தாய், பள்ளிக்கூடம் போகும் இரண்டு பிள்ளைகள். சின்னவனுக்கு முந்திரி ஆகாது. பதிவு செய்யும்போதே அதை எழுதிக் கொடுத்திருந்தார். "பார்த்துக்கறோம் மேடம்" என்று பதிலும் வந்தது. பதில் போட்டவர் சென்னையில் ஏதோ ஓர் அலுவலகத்தில் இருந்தார். சமைத்த அம்மாள் காஞ்சிபுரத்தில் இருந்தார். நடுவில் ஒரு வழிகாட்டி, ஒரு ஓட்டுநர், அந்த வீட்டைப் பேசி முடித்த இன்னொருவர். முந்திரி என்ற பேச்சே அடுப்படிக்குப் போய்ச் சேரவில்லை.

காலையில் தறி பார்த்தார்கள். மதியம் இலை போட்டார்கள். மூங்கில் குடலையில் மந்தாரை இலை வைத்து வேகவைத்த இட்லி, மிளகும் சீரகமும் சுக்கும் மணக்க வந்தது. பார்க்க இட்லிதானே? அதில் முந்திரியை உடைத்து நெய்யில் வறுத்துப் போடுகிறவர்கள் உண்டு என்று அந்தத் தாய்க்கு எப்படித் தெரியும்? பையன் இரண்டு வாய் சாப்பிட்டான். உதடு தடித்தது. "தொண்டை என்னமோ பண்ணுதும்மா" என்றான்.

ஊசி இருந்தது. ஒவ்வாமை முற்றினால் போட டாக்டர் எழுதிக் கொடுத்த எபிபென். ஆனால் அது வேனில் இருந்த பையில். தெரு குறுகல் என்று ஓட்டுநர் வேனை மெயின் ரோட்டுக்குக் கொண்டுபோயிருந்தார். அவருக்குப் போன் அடித்தார்கள். எடுக்கவில்லை.

பையன் பிழைத்தான். கிடைத்த ஆட்டோவில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினார்கள். ராத்திரி முழுக்க அங்கேயே வைத்துப் பார்த்துக்கொண்டார்கள். ஆட்டோ கிடைக்காமல் போயிருந்தால்? அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு வயிறு கலங்குகிறது.

ஒவ்வாமை உள்ள யாராவது உங்களோடு வந்தால், வழிகாட்டியிடம் சொன்னதோடு நிற்காதீர்கள்! சமைப்பவரைக் கண்ணால் பார்த்து, அவர் முகத்துக்கு நேராகச் சொல்லுங்கள். "நட்ஸ் ஆகாது" என்றால் அவருக்குப் புரியாமல் போகலாம். "முந்திரி, நிலக்கடலை, பாதாம், எள்ளு" என்று ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லுங்கள். என்ன எண்ணெய் என்று கேளுங்கள். நன்றாகச் சுத்திகரித்த கடலை எண்ணெயில் புரதம் ஏறக்குறைய நீங்கிவிடும். மரச்செக்கில் ஆட்டியதில் அது தங்கும். இந்தச் சுற்றுலாக்காரர்கள் பெருமையாகச் சொல்லிக்கொள்வதோ மரச்செக்கு எண்ணெயைத்தான்! எள் ஆகாதவருக்கு நல்லெண்ணெய் ஆபத்து. இட்லிப் பொடியோடு குழைத்து வைத்துவிடுவார்கள், கேட்கக்கூட மாட்டார்கள். கோதுமை ஆகாதவர்கள் இன்னொன்றைக் கவனியுங்கள். கடையில் வாங்கும் கூட்டுப் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவு கலந்திருக்கும். சாம்பாரில் கோதுமை இருக்கும் என்று யார் நினைப்பார்கள்?

ஊசி வேனில் இருக்கக் கூடாது. உங்கள் தோளில் தொங்கும் பையில் இருக்க வேண்டும். வெயிலில் நிற்கும் வண்டிச் சூட்டில் மருந்தும் கெட்டுப்போகும். மூச்சு இரைத்தாலோ தொண்டை அடைத்தாலோ அலர்ஜி மாத்திரையைக் கொடுத்துவிட்டுக் காத்திருக்காதீர்கள், அது போதாது. ஊசியைப் போடுங்கள். 108-ஐக் கூப்பிடுங்கள். படுக்கவைத்துக் காலை உயர்த்துங்கள். மூச்சு முட்டினால் உட்காரவிடுங்கள். நடக்கவிடவே விடாதீர்கள். ஊசி போட்டதும் தெளிந்துவிட்டது போலத் தெரிந்தாலும் ஆஸ்பத்திரிக்குப் போயே ஆக வேண்டும். சில மணி நேரம் கழித்து மறுபடி வரக்கூடும்.

ஒவ்வாமை இல்லாதவர்களும் நிம்மதியாக இருந்துவிட வேண்டாம். ருசி பார்க்கிற விருந்தில் பண்டங்கள் நிறைய, ஒவ்வொன்றும் கொஞ்சம். அதனால் பலவற்றைக் காலையிலேயே செய்து வைத்துவிடுகிறார்கள். வேன் டிராஃபிக்கில் மாட்டினால் தேங்காய்ச் சட்னியும் கலந்த சாதமும் மணிக்கணக்கில் உக்கிரமான வெயில் சூட்டில் கிடக்கும். சூடான உணவு 60 டிகிரிக்கு மேலே சூடாகவே இருக்க வேண்டும். ஆவி பறக்காத சோறு, வெட்டி வைத்த பழம், மூடி ஏற்கெனவே திறந்த தண்ணீர் பாட்டில், இந்த மூன்றில் எதைப் பார்த்தாலும் கை வைக்காதீர்கள். மரியாதைக் குறைவாகுமே என்று கூச்சப்படவும் வேண்டாம். காசு வாங்கிக்கொண்டு வீட்டில் சமைத்துப் போடுகிறவர்களுக்கும் உணவுப் பாதுகாப்புத் துறைப் பதிவு வேண்டும். 14 இலக்க எண் அது. கேளுங்கள். தயங்கினால் யோசியுங்கள்.

இனி தறிக்கு வருவோம்.

குழித்தறியில் கால் கீழே குழிக்குள் இருக்கும். உள்ளே இருட்டு. பிள்ளைகள் துள்ளி இறங்கிக் காலை மடக்கிக்கொள்வார்கள். அதைவிடப் பெரிய பயம் பக்கத்துத் திண்ணையில் இருக்கிறது. குறுக்கு நூலைத் தாரில் சுற்றுவதற்கு இப்போது பல வீடுகளில் மோட்டார். சுற்றுகிற கதிருக்குப் பக்கத்தில் துப்பட்டா, விரித்துவிட்ட தலைமுடி, கழுத்து ஸ்கார்ஃப் எதுவும் வேண்டாம். முடியை முடிந்து, துப்பட்டாவைக் கழற்றிவிட்டுப் போங்கள். சாயம் காய்ச்சும் இடம் என்றால் இன்னும் மோசம். பட்டு நூலைச் சோப்பும் சோடாவும் போட்டுக் கொதிக்கவைப்பார்கள். சாயத் தொட்டியும் அந்தக் கொதியில்தான் இருக்கும். ஈரத் தரை வழுக்கும். சின்னப் பிள்ளையின் கையை விடாதீர்கள்!

நெய்கிறவரையும் ஒரு நிமிஷம் நினைத்துப் பாருங்கள். நீங்கள் படத்துக்காகக் குறுக்கு நூல் ஓட்டும் நாடாவை எறிந்து, நீளவாக்கில் கட்டிய பாவு நூல் அறுந்தால், அதைத் தேடிப்பிடித்து முடிச்சுப் போட்டுச் சேர்ப்பவர் அவர்தான். அவருக்குக் கூலி புடவைக் கணக்கில். உங்களுக்காகப் போன அரை நாளுக்கு யார் கொடுப்பது? நீங்கள் கட்டிய பணத்தில் அவருக்கு எவ்வளவு என்று வழிகாட்டியிடம் நேராகக் கேளுங்கள். பதில் சொல்லத் தடுமாறுகிற ஆளோடு போக வேண்டாம் என்பது என் உறுதியான எண்ணம்.

நாளின் கடைசி நிறுத்தம் எது? அதைத்தான் முக்கியமாகக் கவனிக்க வேண்டும்.

பெரும்பாலும் ஒரு புடவைக் கடை. "இந்தத் தறியிலேயே நெய்தது, நெசவாளர் விலை" என்பார்கள். கொஞ்சம் கணக்குப் போடுங்கள். உடலும் கரையும் தனித்தனி நிறத்தில் மூன்று நாடா போட்டு நெய்கிற கோர்வைப் புடவை ஒன்று தறியிலிருந்து இறங்க இரண்டு வாரத்துக்கு மேலும் ஆகும். அலமாரியில் அடுக்கியிருக்கும் நூற்றுக்கணக்கான புடவை இந்த ஒரு தறியில் எப்படி வந்திருக்கும்? ஆனால் கையால் தொட்டாயிற்று, அவர்கள் வீட்டில் சாப்பிட்டாயிற்று. இனிமேல் பேரம் பேசவும் சந்தேகம் கேட்கவும் வாய் வராது. அந்தக் கூச்சத்தை வைத்துத்தான் விலை சொல்கிறார்கள். வேன் ஓட்டுநருக்கும் கூட்டி வந்தவருக்கும் போகும் கமிஷனும் அந்த விலைக்குள்ளேயே இருக்கிறது.

சில்க் மார்க் இருக்கிறதே என்று நிம்மதி அடைகிறீர்களா? அவசரப்படாதீர்கள். 2004-இல் மத்திய பட்டு வாரியத்தின் முயற்சியில் வந்த அந்த முத்திரை, நூல் தூய பட்டு என்று மட்டுமே சொல்லும். கைத்தறியா விசைத்தறியா என்று சொல்லாது. ஜரிகை வெள்ளியா செம்பா என்றும் சொல்லாது. கைத்தறிக்கு 2006-இல் வந்த தனி முத்திரை இருக்கிறது. ஜரிகைக்குச் சோதனைக் கருவி இருக்கிறது. கடையில் "டெஸ்டட் ஜரிகை" என்று சொன்னால், சோதித்துப் பார்த்த அசல் என்று எண்ணி ஏமாறாதீர்கள். தொழிலில் அது செம்புக் கம்பிக்கு மேல் பூச்சு ஏற்றிய ஜரிகைக்குப் பெயர். அசல் காஞ்சி ஜரிகையைக் கீறிப் பார்த்தால் உள்ளே சிவப்புப் பட்டு இழை தெரியும். வெள்ளை நூலோ பிளாஸ்டிக்கோ தெரிந்தால் புடவையைக் கீழே வைத்துவிடுங்கள்.

பில் இல்லாமல் வாங்காதீர்கள். "தூய பட்டு, கைத்தறி, வெள்ளி ஜரிகை" என்று பில்லிலேயே எழுதித் தரச் சொல்லுங்கள். வாயால் ஆயிரம் சத்தியம் செய்கிறவர் எழுதித் தர மறுத்தால், அதுதான் உங்களுக்குப் பதில். அவசரம் இல்லை என்றால் அன்றைக்கு வாங்கவே வாங்காதீர்கள். ஊரிலேயே கூட்டுறவுச் சங்கங்கள் இருக்கின்றன. 1935 முதல் நடக்கும் கோ-ஆப்டெக்ஸ் இருக்கிறது. போய் விலையை ஒப்பிட்டுவிட்டு வாருங்கள்.

இதே மாதிரிப் பயணம் கும்பகோணம் பக்கம் சுவாமிமலைக்கும் உண்டு. வெண்கலச் சிலை வார்ப்பதைப் பார்க்கலாம். உருக்கி ஊற்றும்போது வார்ப்பு அச்சில் துளி ஈரம் இருந்தாலும் உலோகம் தெறிக்கும். பத்தடி தள்ளி நில்லுங்கள், மூடிய செருப்பு போடுங்கள். அதையும்விடப் பெரிய ஆபத்து, யாராவது காதோரமாக வந்து, "புதுசு வேண்டாம் சார், பழைய சிலை ஒண்ணு இருக்கு" என்பது. ஓடிவிடுங்கள்! 1972-ஆம் ஆண்டுச் சட்டப்படி நூறு ஆண்டு தாண்டிய சிலை தொல்பொருள். உரிமம் இல்லாமல் அதை விற்பது குற்றம். தனி ஆள் அதை நாட்டை விட்டு வெளியே கொண்டுபோகவே முடியாது. கோயிலில் திருடியதாக இருந்தால் உங்கள் கதி என்ன? புதுச் சிலையாகவே இருந்தாலும், பழையது மாதிரி களிம்பு ஏற்றியிருந்தால் விமான நிலையத்தில் நிறுத்துவார்கள். அது தொல்பொருள் இல்லை என்று தொல்லியல் துறையில் சான்று வாங்கிக்கொண்டு கிளம்புங்கள்.

பணம் கட்டுவதற்கு முன்னால் இதை அப்படியே எழுதி அனுப்புங்கள்: எங்களோடு வருபவர் சுற்றுலாத் துறை அடையாள அட்டை உள்ள வழிகாட்டியா? சமைப்பவர் யார், அவரிடம் நான் முன்கூட்டியே போனில் பேசலாமா? வேன் எங்கே நிற்கும், ஓட்டுநர் எண் என்ன? பக்கத்தில் இருபத்து நான்கு மணி நேரமும் திறந்திருக்கும் ஆஸ்பத்திரி எது? கடைக்குப் போகாமல் இருக்க எங்களுக்கு உரிமை உண்டா? எழுத்தில் பதில் வர வேண்டும். "வாங்க, நேர்ல பேசிக்கலாம்" என்று வந்தாலோ, தனி ஆள் பெயரில் உள்ள க்யூஆர் கோடு மட்டும் வந்தாலோ, பணம் அனுப்ப வேண்டாம்.

ஏற்கெனவே ஏமாந்துவிட்டீர்களா? வெட்கப்பட்டு மூடி வைக்காதீர்கள். பில், விளம்பரப் படம், வாட்ஸ்அப் பேச்சு, பணம் போன ரசீது எல்லாவற்றையும் எடுத்து வையுங்கள். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. சாப்பாட்டில் கோளாறு என்றால் மாவட்ட உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் அன்றைக்கே புகார் கொடுங்கள். நாள் கழித்துப் போனால் சோதித்துப் பார்க்க அந்த உணவு அங்கே இருக்காது.