சிவப்பா, நீலமா? நண்பர்களுக்குள் ஒளிந்திருக்கும் 'வேடதாரி' யார்?

வீட்டில் பதின்ம வயதுப் பிள்ளை இருந்தால் இந்தக் காட்சி உங்களுக்குப் பழகியிருக்கும். இரவு பத்து மணி. காதில் இயர்போன், கையில் கைப்பேசி. திடீரென்று அறைக்குள்ளிருந்து ஒரு கத்தல்: "நான் இல்ல லா! நான் எலெக்ட்ரிக்கல்லதான் நின்னேன். சிவப்பைப் பாருங்க, அவன்தான் ரொம்ப சஸ்!"

யார் அந்தச் சிவப்பு, எதற்கு இந்தப் பழி என்று புரியாமல் நீங்கள் கதவைத் தட்டியிருக்கலாம். பிள்ளை விளையாடுவது பெரும்பாலும் 'அமாங் அஸ்' அல்லது அதைப் போன்ற ஒரு விளையாட்டு. நண்பர்கள் வெவ்வேறு ஊர்களில் இருந்தபடியே இணையத்தில் ஒன்றுகூடி, தங்களுக்குள் ஒளிந்திருக்கும் ஆளைக் கண்டுபிடிப்பதுதான் இந்த வகை விளையாட்டின் அடிப்படை. 'சஸ்' என்பது சந்தேகத்துக்குரியவர் என்பதற்கான ஆங்கிலச் சொல்லின் சுருக்கம்.

நானும் விளையாடுகிறேன். இடைநிலைப்பள்ளியில் ஒன்றாகப் படித்த பத்துப் பேர் கொண்ட குழு எங்களுடையது. இந்த விளையாட்டு எப்படி நடக்கிறது என்பதையும், அது எங்கள் குழுவுக்கு எதைக் காட்டிக்கொடுத்தது என்பதையும் இங்கே சொல்கிறேன்.

விதி எளிது

'அமாங் அஸ்' விளையாட்டை அமெரிக்காவைச் சேர்ந்த 'இன்னர்ஸ்லோத்' என்ற சிறிய நிறுவனம் 2018-இல் வெளியிட்டது. இரண்டு ஆண்டுகள் பெரும்பாலோர் கண்ணில் படாமல் கிடந்த விளையாட்டு, 2020-இல் கோவிட் பெருந்தொற்றால் உலகமே வீட்டுக்குள் முடங்கியபோது எல்லார் கைப்பேசியிலும் ஏறியது.

ஆட்டக்காரர்கள் ஒரு விண்கலத்தின் பணியாளர்கள். ஆளுக்கொரு நிறம். கம்பிகளை இணைப்பது, குப்பையைக் கொட்டுவது எனச் சின்னச் சின்ன வேலைகள் அவர்களுக்குத் தரப்படும். அவர்களில் ஒருவர் முதல் மூவர் வரை 'இம்போஸ்டர்', அதாவது வேடதாரி. வேடதாரிகளுக்கு ஒருவரையொருவர் தெரியும். மற்றவர்களுக்குத் தங்களைத் தவிர யாரைப் பற்றியும் எதுவும் தெரியாது.

வேடதாரி வேலை செய்வதுபோல் நடிப்பார். தனியாகச் சிக்கும் பணியாளரைக் கொல்வார். காற்றுக்குழாய்க்குள் புகுந்து வேறோர் அறையில் எழுவார். விளக்கை அணைப்பார். யாராவது உடலைப் பார்த்து அறிவித்தால் கூட்டம் கூடும். எல்லாரும் பேசி, ஒருவர் மீது வாக்களிப்பார்கள். அதிக வாக்குப் பெற்றவர் கலத்திலிருந்து வெளியே வீசப்படுவார். யாரையும் வெளியேற்ற விருப்பமில்லை என்றால் 'ஸ்கிப்' அழுத்தலாம்.

வேடதாரிகள் அனைவரையும் வெளியேற்றினாலோ எல்லா வேலைகளையும் முடித்தாலோ பணியாளர்களுக்கு வெற்றி. உயிரோடு இருக்கும் பணியாளர் எண்ணிக்கையும் வேடதாரி எண்ணிக்கையும் சமமானால் வேடதாரிகளுக்கு வெற்றி.

புதுச் சட்டை, பழைய ஆட்டம்

இந்த வகை ஆட்டங்களுக்கு மூலம் ரஷ்யாவில் பிறந்த 'மாஃபியா'. மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தின் உளவியல் துறையில் படித்துக்கொண்டிருந்த டிமித்ரி டேவிடோஃப் 1986-இல் அதை உருவாக்கினார். பலகை, காய் எதுவும் தேவையில்லை; வட்டமாக உட்கார ஆட்கள் போதும். 1997-இல் ஆண்ட்ரூ பிளாட்கின் என்ற அமெரிக்கர் கொள்ளைக் கும்பலின் இடத்தில் ஓநாய் மனிதனை வைத்து 'வேர்வுல்ஃப்' ஆக்கினார். அந்த ஆட்டங்களின் வழியில் வந்ததுதான் 'அமாங் அஸ்'.

நம் வீடுகளில் சிலருக்கு இதன் நெருங்கிய உறவு ஒன்று நினைவிருக்கும். ராஜா, ராணி, மந்திரி, போலீஸ், திருடன் என்று துண்டுச் சீட்டில் எழுதி, மடித்துக் குலுக்கிப் போடுவோமே, அதுதான். போலீஸ் சீட்டு கிடைத்தவர் மற்றவர் முகத்தைப் பார்த்தே திருடனைச் சொல்ல வேண்டும். சிரிப்பை அடக்கத் தெரியாதவன் மாட்டிக்கொள்வான்.

மூன்று தவறு போதும்

வேடதாரிகள் இருவர்தானே, பணியாளர்கள் எட்டுப் பேர் இருக்கிறார்களே, எளிதாகப் பிடித்துவிடலாம் என்று தோன்றும். ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள்.

பத்துப் பேர் விளையாடுகிறார்கள். ஒவ்வொரு கூட்டத்துக்கும் முன் ஒரு கொலை நடக்கிறது. ஒவ்வொரு கூட்டத்திலும் ஓர் அப்பாவி தவறாக வெளியேற்றப்படுகிறார். முதல் கொலைக்குப் பிறகு 9 பேர், வாக்களிப்புக்குப் பிறகு 8. அடுத்த கொலை 7, அடுத்த வாக்களிப்பு 6. மூன்றாவது கொலை 5, மூன்றாவது வாக்களிப்பு 4. மிஞ்சிய நால்வரில் இருவர் வேடதாரிகள். ஆட்டம் முடிந்தது.

போன ஆறு அப்பாவிகளில் வேடதாரிகள் கொன்றது மூவரைத்தான். மற்ற மூவரை அனுப்பியது நல்லவர்கள் நம்பிப் போட்ட வாக்கு.

அதே ஆட்டத்தில், உறுதியாகத் தெரியாதபோதெல்லாம் 'ஸ்கிப்' அழுத்தினால் மூன்று கூட்டங்களுக்குப் பதில் ஐந்து கூட்டங்கள் கிடைக்கும். யோசிக்க இரண்டு வாய்ப்பு கூடுதல். தெரியவில்லை என்று ஒப்புக்கொள்வதற்கும் ஆட்டத்தில் மதிப்பு உண்டு.

மார்க் பிராவர்மன், ஒமித் எதெசாமி, எல்கனன் மோசல் என்ற மூன்று ஆய்வாளர்கள் 'மாஃபியா' ஆட்டத்தைக் கணித முறையில் ஆராய்ந்து எழுதிய கட்டுரை 2008-இல் வெளிவந்தது. துப்பறிவாளர் யாரும் இல்லாத ஆட்டத்தில், மொத்த ஆட்களின் வர்க்கமூல அளவுக்கு மாஃபியா இருந்தாலே இரு தரப்புக்கும் ஒப்பிடத்தக்க வெற்றி வாய்ப்பு இருக்கும் என்று அவர்கள் காட்டினார்கள். 10,000 பேர் என்றால் வர்க்கமூலம் 100. ஒரு பெருங்கூட்டத்தைக் குழப்ப அந்த அளவை ஒட்டிய சிறு கும்பல் போதும்.

அந்த ஆய்வின் இன்னொரு முடிவுதான் எனக்குப் பிடித்தது. உண்மையைச் சரிபார்க்கத் தெரிந்த துப்பறிவாளர் ஒரே ஒருவர் இருந்தாலும் நிலைமை தலைகீழாகிறது. அப்போது மாஃபியா ஈடுகொடுக்க வேண்டுமானால் சிறு கும்பல் போதாது. கூட்டம் எவ்வளவு பெரிதோ, அதற்கேற்ற விகிதத்தில் அவர்களும் பெருக வேண்டும்.

தீபாவளி இரவில் நடந்தது

2020 நவம்பர் 14, சனிக்கிழமை, தீபாவளி. நிபந்தனைக்குட்பட்ட நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை நடப்பில் இருந்ததால், எங்களில் பலர் ஊருக்குப் போகவில்லை. ஒருவன் ஜொகூரில், இருவர் ஷா ஆலாமில், நான் கோலாலம்பூரில் வாடகை அறையில். முறுக்கு இல்லாத தீபாவளியை இந்த ஆட்டத்தால் ஈடுகட்ட முடிவு செய்தோம். ஆட்டம் ஒரு செயலியில், பேச்சு டிஸ்கார்டில்.

எங்களில் ஒரு நண்பன் மட்டும் இன்னும் தோட்டத்தில் இருந்தான். பேராக்கில் ஒரு செம்பனைத் தோட்டம். வீட்டு வாசலுக்கு வெளியே நின்றால்தான் அங்கு லைன் கிடைக்கும். அவன் குரல் வெட்டி வெட்டித்தான் வந்தது.

முதல் ஆட்டம். உடல் கிடைத்தது. "நீ எங்கடா இருந்த?" என்று கேட்டோம். பதில் வரவில்லை. "பேச மாட்டேங்கிறான், அவன்தான்" என்றான் ஒருவன். எல்லாரும் அழுத்தினோம். அவன் அப்பாவி. இரண்டாவது ஆட்டத்திலும் அதுவே நடந்தது. மூன்றாவது ஆட்டத்தில் அவன் ஏதோ சொல்ல ஆரம்பித்து, பாதியில் குரல் அறுந்தது. "உளறுறான்" என்றோம். மறுபடியும் அப்பாவி. நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம்.

"காலையில வேலை இருக்கு" என்று சொல்லிவிட்டு அவன் வெளியேறினான். அடுத்த சனிக்கிழமை வரவில்லை. அதற்கடுத்த வாரமும் வரவில்லை. புலனத்தில் கேட்டேன். நெடுநேரம் கழித்து ஒரு குரல்பதிவு வந்தது.

"விளையாட்டுதான், எனக்குத் தெரியும். ஆனா அன்னிக்கு க்ளாஸ்லயும் நீங்க இப்படித்தான் கை தூக்கினீங்க. நீயும்தான்டா."

எனக்கு உடனே புரிந்தது. படிவம் மூன்றில், வகுப்பு விருந்துக்குச் சேர்த்த 86 வெள்ளி காணாமற்போனது. ஓய்வு நேரத்தில் வகுப்பிலேயே இருந்தவன் அவன் ஒருவன்தான் என்று யாரோ சொன்னார்கள். அவன் எடுத்திருப்பான் என்று நினைப்பவர்கள் கை தூக்குங்கள் என்று இன்னொருவன் சொன்னான். நான் தூக்கினேன். அவன் எதுவும் பேசவில்லை. பேசாததையே ஒப்புதலாக எடுத்துக்கொண்டோம்.

இரண்டு நாள் கழித்து, கணக்குப் புத்தகத்தின் அட்டை உறைக்குள் அந்தப் பணம் அப்படியே கிடைத்தது. கேண்டீனுக்குப் போகக் கையில் காசில்லாமல்தான் அவன் வகுப்பில் உட்கார்ந்திருந்தான் என்பது பல மாதங்கள் கழித்தே தெரிந்தது. எங்களில் ஒருவரும் மன்னிப்புக் கேட்கவில்லை.

சிலம்பை உடைத்துப் பார்க்க யாருமில்லை

பல்கலைக்கழகத்தில் தமிழ் படித்தபோது சிலப்பதிகாரத்தைத் தேர்வுக்காகப் படித்தேன். அந்தக் குரல்பதிவைக் கேட்ட பிறகுதான் மதுரைக் காண்டத்தின் ஒரு பகுதி வேறு மாதிரி தெரிந்தது.

அரசியின் சிலம்பைக் கவர்ந்தவன் பொற்கொல்லன். கண்ணகியின் சிலம்பை விற்க வந்த கோவலனைத் திருடன் என்று காட்டியவனும் அவனே. இன்றைய பிள்ளைகளின் மொழியில் சொன்னால், வேடதாரியே கூட்டத்தைக் கூட்டி அடுத்தவனைக் கைகாட்டினான். கோவலன் வெளியூர்க்காரன், அவனுக்காகப் பேச அங்கே ஆளில்லை. பாண்டியன் விசாரிக்கவில்லை. கோவலன் கொல்லப்பட்டான்.

அரசியின் சிலம்பில் இருந்தவை முத்துகள், கண்ணகியின் சிலம்பில் இருந்தவை மாணிக்கப் பரல்கள். திறந்து பார்த்திருந்தால் ஒரு நொடியில் உண்மை தெரிந்திருக்கும். சான்று கையிலேயே இருந்தது. அதைப் பார்க்க யாரும் மெனக்கெடவில்லை.

'அமாங் அஸ்' ஆட்டத்திலும் சான்று உண்டு. மெட்பே அறையில் உடல் பரிசோதனை செய்யும் பணியாளரை, அந்த வசதி திறந்திருந்தால், பக்கத்தில் இருப்பவர் கண்ணால் பார்க்கலாம். வேடதாரியால் அதைச் செய்ய முடியாது. கண்காணிப்புக் கேமரா உண்டு. எந்த அறையில் எத்தனை பேர் என்று காட்டும் வரைபடம் உண்டு. அன்றிரவு மூன்று ஆட்டங்களில் ஒரு முறைகூட நாங்கள் இவற்றைப் பற்றிக் கேட்கவில்லை. யார் குரல் ஓங்கியதோ அவர் பின்னால் போனோம். மூன்று ஆட்டங்களிலும் முதலில் பழி சொன்னவர்களில் வேடதாரியும் இருந்தார்.

விளையாடுவோருக்கும் பெற்றோருக்கும்

இந்த ஆட்டம் பிள்ளைகளுக்குப் பொய் சொல்லக் கற்றுத்தருகிறதா என்று சில பெற்றோர் கேட்கிறார்கள். ஆட்டத்துக்குள் பொய் சொல்வது எல்லாரும் ஏற்றுக்கொண்ட விதி. எனக்குக் கவலை தருவது, சான்றில்லாமல் கூட்டத்தோடு சேர்ந்து ஒருவரை வெளியேற்றும் பழக்கம். அது ஆட்டம் முடிந்த பின்னும் தொடரும். புலனக் குழுவில் ஒருவர் படத்தைப் போட்டு 'இவன்தான் திருடன், பகிருங்கள்' என்று வரும்போது நம் விரல் என்ன செய்கிறது என்று யோசித்துப் பாருங்கள்.

அதனால் பிள்ளைகளோடு உட்கார்ந்து ஓர் ஆட்டம் ஆடிப் பாருங்கள். "யார்மேல் சந்தேகம்?" என்பதற்கு முன், "நீ எதைப் பார்த்தாய், எங்கே நின்று பார்த்தாய்?" என்று கேட்கப் பழக்குங்கள். முன்பின் அறியாதவர்கள் நுழையும் பொது அறைகளைத் தவிர்த்து, குறியீட்டு எண் தெரிந்தவர் மட்டும் நுழையும் தனி அறையில் விளையாடச் சொல்லுங்கள். சிறு பிள்ளைகளுக்கு, தயாராக உள்ள வாக்கியங்களை மட்டும் தேர்ந்தெடுக்கும் 'குவிக் சாட்' முறையே நல்லது. கைப்பேசியில் விளையாட்டு இலவசம் என்றாலும், தொப்பி, உடை போன்றவற்றைப் பணம் கொடுத்து வாங்கும் பகுதி உள்ளே இருக்கிறது. அதையும் கவனியுங்கள்.

எங்கள் குழுவில் இப்போது இரண்டு விதிகள் உண்டு. லைன் மெதுவாக உள்ளவர் முதலில் பேச வேண்டும். அவர் பேசி முடிக்கும்வரை யாரும் வாக்களிக்கக் கூடாது.

இந்த விதிகளை வைக்கும் முன் நான் அவனை அழைத்தேன். படிவம் மூன்றில் கேட்டிருக்க வேண்டிய மன்னிப்பை அன்று கேட்டேன். சிறிது நேரம் ஒன்றும் கேட்கவில்லை. லைன் அறுந்துவிட்டது என்றுதான் நினைத்தேன்.

"லைன் இருக்கு, சொல்லு" என்றான்.

அடுத்த சனிக்கிழமை அவன் வந்தான். அன்று வேடதாரி அவன்தான். கூட்டத்தில் முதலில் அவனையே பேச விட்டோம். அமைதியாக, ஒரு சொல் பிசகாமல் பொய் சொன்னான். ஒன்பது பேரும் நம்பித் தோற்றோம்.