பொன்மணியை எடுத்த மனிதர்

உடுவிலில் பெரியம்மா வீட்டு விறாந்தை. போன ஆவணியில் ஒரு பின்னேரம், மடிக்கணினியை ஸ்டூலில் வைத்து ‘பொன்மணி’ படத்தைப் போட்டேன். பெரியம்மா மடியில் சுளகோடு முருங்கையிலை உருவியபடிதான் பார்க்கத் தொடங்கினார். கொஞ்ச நேரத்தில் கை நின்றுவிட்டது.

“இது ஆர் பிள்ளை எடுத்தது?”

“ஒரு சிங்கள ஆள், பெரியம்மா.”

“சும்மா சொல்லாதை. எங்கட வீட்டுக்குள்ள இருந்தெல்லோ எடுத்திருக்கு!”

அவர் வியந்ததில் நியாயம் இருக்கிறது. 1943இல் கண்டியில் பிறந்து, பேராதனையில் படித்த தர்மசேன பத்திராஜ, எழுபதுகளில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்துக்குச் சிங்களம் கற்பிக்க வந்தவர். உடுவிலிலிருந்து மருதனார்மடம், இணுவில், கோண்டாவில் கடந்தால் அந்தத் திருநெல்வேலி வளாகம் வந்துவிடும். வகுப்பு முடிந்ததும் அறைக்குள் அடைந்து கிடக்கிற ஆள் அல்ல அவர். எங்கள் ஆட்களோடு பழகினார், எங்கள் வாழ்க்கையைப் படமாக்கினார்.

‘பொன்மணி’க்கு முன்பே பெயர் எடுத்திருந்தார். 1974இல் வந்த முதல் முழுநீளப் படமான ‘அஹஸ் கவ்வ’, கொழும்பில் வேலை தேடி அலையும் இளைஞர்களின் கதை. 1971 இளைஞர் கிளர்ச்சியின் இரத்தம் காயாத காலம் அது.

‘பொன்மணி’ 1977இல் வந்தது. எழுத்து காவலூர் இராசதுரையுடையது. நடித்தவர்களைப் பாருங்கள்: எழுத்தாளர் நந்தி, சித்திரலேகா மௌனகுரு, நாடகக்காரர் குழந்தை ம. சண்முகலிங்கம். சினிமா முகங்களே இல்லை. சீதனத்தில் சிக்கிய ஒரு வீடு, சாதி கடந்த ஒரு காதல். அது எதில் போய் முடிகிறதென்று நான் சொல்லமாட்டேன், பார்க்காதவர்கள் பார்க்கவேண்டும்.

படம் தியேட்டரில் ஓடவில்லை. எம்.ஜி.ஆருக்கும் சிவாஜிக்கும் விசிலடித்த சனத்துக்கு அதன் நிதானம் பிடிபடவில்லை என்பார்கள். அதுவும் உண்மைதான். ஆனால் காசு கொடுத்துப் போய் உட்கார்ந்து, தன் வீட்டுச் சாதித் தடிப்பையே திரையில் பார்க்க எத்தனை பேருக்கு மனம் வரும்? எனக்கு இந்தக் காரணம்தான் பெரிதாகப் படுகிறது.

அடுத்த ஆண்டே மீனவர் வாழ்வைச் சொன்ன ‘பம்பரு எவித்’ வந்தது. சிங்கள சினிமாவின் ஆகச் சிறந்த படங்களில் ஒன்றாக அதை இன்றும் கொண்டாடுகிறார்கள். பிறகு ‘பார திகே’, 1981இல் ‘சொல்தாது உன்னஹே’. ரே, கட்டக், மிருணாள் சென் என்று வங்காள சினிமாவை ஆராய்ந்து கலாநிதிப் பட்டமும் பெற்றார். தெற்கில் அவரைப் பற்றி நிறையவே எழுதிவிட்டார்கள். நாங்கள் அவரைக் கொண்டாடியது போதாது. மருதனார்மடத்தில் இராமநாதன் நுண்கலைப் பிள்ளைகள் இத்தனை பேர் படிக்கிறார்கள். ‘பொன்மணி’யை ஆண்டுக்கொரு முறையாவது அவர்களுக்குப் பெரிய திரையில் காட்டவேண்டும்.

படம் முடியும்போது இருட்டிவிட்டது. சுளகில் பாதி இலை உருவாமலே கிடந்தது.

“அந்த மனிசன் இப்ப எங்க இருக்கிறார்?”

“2018 தையில செத்துப்போனார்.”

பெரியம்மா எழுந்து விறாந்தை லைற்றைப் போட்டார். “இஞ்சால பக்கம் இருந்த நாளில ஆரும் சொல்லியிருந்தா, ஒரு நேரச் சோறெண்டாலும் குடுத்திருப்பன்” என்றார்.