சிரிப்புப் பொறியாளர் கிரேசி மோகன்

நகைச்சுவைக் காட்சி ஒன்று வருகிறது, அரங்கமே அதிர்கிறது. வெளியே வந்ததும் நடிகரைப் புகழ்கிறோம். எழுதியவர் யாரென்று எத்தனை பேர் கேட்கிறோம்? அப்படிக் கேட்க வைத்த மிகச் சிலருள் ஒருவர் கிரேசி மோகன்.

1952 அக்டோபர் 16 அன்று பிறந்த அவர் கிண்டி பொறியியல் கல்லூரியில் இயந்திரப் பொறியியல் பயின்றவர். கல்லூரி மேடைக்காகவே முதலில் எழுதினார். பின்பு, நம் பக்கத்துப் பாடியில் வெகுகாலம் தொழிற்சாலை நடத்திய சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தில் பணியாற்றினார். 1976-இல் எஸ்.வி. சேகரின் குழுவுக்கு அவர் எழுதிய ‘கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ நாடகமே ‘கிரேசி’ என்ற பட்டத்தை அவர் பெயரோடு ஒட்டிவிட்டது. 1979-இல் சொந்தக் குழு தொடங்கினார். அவருடைய மற்றொரு நாடகம் 1983-இல் கே. பாலசந்தர் இயக்கத்தில் ‘பொய்க்கால் குதிரை’ என்ற படமாயிற்று.

அவருடைய சிரிப்பு எப்படி இயங்குகிறது? நானே ஒரு சிறு உதாரணம் சமைக்கிறேன். இருட்டில் நடக்கும் மாமாவை எச்சரித்து, “மாமா, படி!” என்கிறான் மருமகன். “இந்த வயசுல என்னத்தடா படிக்கிறது?” என்கிறார் மாமா, தடுக்கி விழுகிறார். சாதாரண எழுத்தாளர் இங்கே நிறுத்திவிடுவார். மோகன் நிறுத்தமாட்டார். ஓடிவந்த மாமியும் தவறான பொருளையே பிடித்துக்கொண்டு, “படிக்காததால்தானே விழுந்தீர்கள்!” என்பார். ஒரு சிரிப்பு அடங்குமுன் அடுத்தது வந்துவிடும். பல் சக்கரம் ஒன்று சுழன்றால் மற்றவை சுழல்வதைப் போன்றதே இது.

வசனத்தில் உள்ள இதே விதி கதையிலும் உண்டு. ‘அவ்வை சண்முகி’ (1996) ‘மிஸஸ் டவுட்ஃபயர்’ என்ற ஆங்கிலப் படத்தைத் தழுவியது. மகளைக் காண ஒருவன் மாமியாக வேடமிடுகிறான். இது ஒரே ஒரு பொய். ஆனால் மாமனாரே அந்த மாமியிடம் மனத்தைப் பறிகொடுக்கிறார், வீட்டுக்காரரும் விடுவதாயில்லை, போதாக்குறைக்கு, சமையற்காரராக வந்த பாஷாவோ ஐயர் வேடத்தில் ஊமையாய் நடிக்கிறார்! ஒவ்வொருவரும் தம் அளவில் நியாயமாகவே நடந்துகொள்கின்றனர். குழப்பம் மட்டும் பெருகுகிறது.

எங்கள் வீட்டில் கல்லூரிக்கு வந்த முதல் ஆள் நான். வேப்பம்பட்டில் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) வந்தால், பள்ளிக்கூடமே போகாத என் பாட்டி, கல்யாணச் சாம்பாரில் மீன் விழும் காட்சிக்குக் கண்ணில் நீர் வரச் சிரிப்பார். காதால் கேட்டே ஓர் எழுத்தாளரின் வாசகியாகிவிட்டார் அவர். ஆனால் ஒன்று சொல்லவேண்டும்: மோகனின் மேடை நாடகங்களில் ஆங்கிலச் சொற்களை வைத்து விளையாடும் சிலேடைகளும் ஏராளம். அங்கே பாட்டி வெளியே நின்றுவிடுகிறார். தமிழ்வழி படித்த எனக்கே சில நகைச்சுவைகள் இரண்டாம் முறைதான் பிடிபட்டன. அது சபா ரசிகர்களுக்காகப் பிறந்த எழுத்து. அதே பேனா ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) போன்ற படங்களில் பாட்டியையும் எட்டியதுதான் எனக்கு வியப்பு.

நடிகராகவும் அவர் தலைகாட்டினார். ‘வசூல் ராஜா எம்.பி.பி.எஸ்.’ (2004) படத்தில் டாக்டர் மார்க்கபந்து அவரே. தொலைக்காட்சிக்கும் எழுதினார். எனினும் மேடையை விடவில்லை. 2019 ஜூன் 10 அன்று மறைந்தபின்பும் தம்பி ‘மாது’ பாலாஜி அந்நாடகங்களை அரங்கேற்றினார்.

அந்நாடகங்களில் நாயகனுக்கு மாது என்று பெயர், நாயகிக்கு ஜானகி. மேற்சொன்ன அபூர்வ சகோதரர்கள், அவ்வை சண்முகி, வசூல் ராஜா மூன்றிலும் நாயகி ஜானகிதான். அது பள்ளியில் அவரை மேடையேற்றிய ஆசிரியையின் பெயர்.