தங்கம் அடகுக்குப் போனது, அரிசி என்ன ஆச்சு?

கஜானா வற்றினால் அரசு முதலில் கை வைப்பது மானியத்தில்தான். 1991-ல் சில வார இறக்குமதிக்கே அன்னியச் செலாவணி இருந்தது. சுமார் 47 டன் தங்கம் வெளிநாட்டில் அடகு, ஐ.எம்.எஃப். கடன் வேறு. அப்புறம் உர விலை ஏறியது. ரேஷனுக்காக மத்திய அரசு மாநிலங்களுக்குத் தரும் சாதாரண அரிசி 1990-ல் குவிண்டால் 289 ரூபாய், 1994-ல் 537! அதுவும் போதாதென்று 1997-ல் வறுமைக்கோடு போட்டு ஆட்களையே பிரித்தார்கள். தமிழ்நாடு பிரிக்க மறுத்து, கூடுதல் செலவைத் தானே சுமந்தது. ஊதாரித்தனம் என்பார்கள் சிலர். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தோல் தொழிற்சாலையால் பேர் வாங்கிய நம்ம குரோம்பேட்டையில் கான்ட்ராக்ட் தொழிலாளி இந்த மாசம் கோட்டுக்கு மேலே, வேலை போனால் அடுத்த மாசம் கீழே. உடனே ஓடிவந்து கார்டை மாற்றித் தர எந்த ஆபீசர் இருக்கிறார்? 2020 ஊரடங்கில் ரேஷன் கடை வழியாகவே அரிசியும் ஆயிரம் ரூபாயும் கொடுக்க முடிந்தது, கார்டு ஏற்கெனவே அவர் கையில் இருந்ததால்தான்.